ஒரு கைப்பிடி மண்: வேவ் ஹில் மாட்டுப் பண்ணை யாருக்குச் சொந்தம்?

ஆஸ்திரேலியாவின் வடக்கே இருக்கிறது கேத்தரின் நகரம். அங்கே டேங்க்கை நிரப்பிக்கொண்டு தென்மேற்காகக் கிளம்பும் வண்டி, சுமார் 460 கிலோமீட்டர் ஓடினால்தான் கல்கரிஞ்சி என்ற சிற்றூரைத் தொடும். வழியில் பேர் சொல்லும்படி இருப்பது டாப் ஸ்பிரிங்ஸ் என்ற ஒரு நிறுத்தம் மட்டுமே. பெட்ரோல், சாப்பாடு, படுக்கை எல்லாம் அங்கே முடித்துக்கொண்டால் உண்டு. 'பன்டைன் ஹைவே' என்று பெயர் பெரிதாக இருந்தாலும், தார் போட்டிருப்பது ஒரு வண்டி போகும் அகலத்துக்குத்தான். எதிரே மாடுகளை ஏற்றிக்கொண்டு 'ரோடு டிரெயின்' வந்தால் மரியாதையாகச் செம்மண்ணில் இறங்கி வழிவிட வேண்டும். மூன்று நான்கு பெட்டிகளைக் கோத்து இழுக்கும் அந்த லாரியின் நீளம் 50 மீட்டரைத் தாண்டும். அது போய், புழுதி அடங்கி, மறுபடி சாலை கண்ணுக்குத் தெரியவே கொஞ்ச நேரமாகும்.

இந்தச் சாலைக்கு அருகே விரிந்து கிடக்கிறது வேவ் ஹில் ஸ்டேஷன். ஸ்டேஷன் என்றதும் ரயிலோ, காக்கிச் சட்டையோ ஞாபகம் வரும். ஆஸ்திரேலியாவின் உள்நாட்டில் அந்தச் சொல்லுக்கு அர்த்தமே வேறு. ஆயிரக்கணக்கில் மாடுகளோ ஆடுகளோ மேயும் பெரும் பண்ணைக்குத்தான் அங்கே ஸ்டேஷன் என்று பெயர். வேவ் ஹில்லின் பரப்பு இன்றைக்கும் 12,000 சதுர கிலோமீட்டருக்கு மேல். முன்பு இதைவிடவும் பெரியது. இவ்வளவு பெரிய இடத்தில் வேலியைச் சரிபார்ப்பதே தனி வேலை. ஒரு முனையில் இருக்கும் மாட்டைத் தேட இப்போது ஹெலிகாப்டரில் போகிறார்கள்.

வட ஆஸ்திரேலியப் பண்ணைகளில் அதிகம் மேய்வது பிராமன் இனமும் அதன் கலப்புகளும். திமிலும் தொங்கும் தாடையுமாக நம்மூர் மாட்டின் சாயல் அப்பட்டமாகத் தெரியும். காரணம் உண்டு. ஓங்கோல், கிர், காங்கிரேஜ் போன்ற இந்திய இனங்களிலிருந்து அமெரிக்காவில் உருவாக்கப்பட்டு, 1933-ல் ஆஸ்திரேலியாவுக்கு வந்த இனம் அது. வெயிலுக்கும் உண்ணிக்கும் அசராது.

மாடு எங்கிருந்து வந்தது என்று சொல்லியாயிற்று. நிலம் யாருடையது என்பதுதான் கதை.

அலை அலையாய்க் குன்றுகள்

விக்டோரியா நதியின் மேல்பகுதியில் இருக்கும் இந்த மண், குரிஞ்சி மக்களின் மண். (தமிழ்க் காதுக்குக் 'குறிஞ்சி' போலவே கேட்கும். ஒலி ஒற்றுமை தவிர வேறு சம்பந்தம் இல்லை.) எந்த நீர்நிலை எந்தக் குடும்பத்தின் பொறுப்பு, எந்தப் பாறைக்கு எந்தக் கதை, யார் எந்த வழியாகப் போகலாம் என்பதெல்லாம் அவர்களிடம் தலைமுறை தலைமுறையாக வகுத்து வைக்கப்பட்டிருந்தது. பத்திரம் கிடையாது, ஆனால் எல்லை இருந்தது.

1850-களில் அகஸ்டஸ் கிரிகோரி என்ற ஆய்வாளர் இந்தப் பக்கம் வந்து, நல்ல புல்வெளி இருக்கிறது என்று எழுதிவிட்டுப் போனார். முப்பது வருடம் கழித்து அதன் பலன் தெரிந்தது. 1883-ல் நாட் புக்கானன் என்பவர் மாடுகளை ஓட்டிக்கொண்டு வந்து இங்கே பண்ணையைத் தொடங்கினார். குவீன்ஸ்லாந்திலிருந்து வடக்கே ஆயிரக்கணக்கான மாடுகளைக் காட்டு வழியில் ஓட்டிவருவதில் அந்தக் காலத்தில் அவரை மிஞ்ச ஆளில்லை. அலை அலையாகத் தெரிந்த குன்றுகளைப் பார்த்து வேவ் ஹில் என்று பெயர் வந்தது.

புக்கானன் நிலத்தை விலைக்கு வாங்கவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். ஆஸ்திரேலிய நிலம் முழுக்கப் பிரிட்டிஷ் அரசருடையது என்று ஓர் ஏற்பாடு. அரசாங்கம் அதை மேய்ச்சலுக்கு மட்டும் குத்தகைக்கு விடும். 'பாஸ்டரல் லீஸ்' என்று பெயர். இன்றும் நார்தர்ன் டெரிட்டரியின் நிலத்தில் கிட்டத்தட்ட பாதி இந்த வகைக் குத்தகையில்தான் இருக்கிறது. ஆக, இங்கே 'பண்ணை முதலாளி' என்றால் சட்டப்படி குத்தகைதாரர். கையில் இருப்பது மேய்க்கும் உரிமை. குத்தகைக் காகிதத்தில் கையெழுத்துப் போட்ட இரண்டு தரப்பும், அங்கே ஏற்கெனவே குடியிருந்தவர்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மாடுகள் வந்ததும் நீர்நிலைகள் கலங்கின. பசிக்கு மாட்டை வேட்டையாடினால் துப்பாக்கி பேசியது. குரிஞ்சி மக்கள் தங்கள் பெரியவர்கள் சுட்டுக் கொல்லப்பட்ட இடங்களை இன்றைக்கும் ஊர் ஊராகச் சொல்கிறார்கள். அந்தக் காலத்து 'சட்டம் ஒழுங்கு' எப்படி இருந்தது என்பதற்கு ஒரு சம்பவம் போதும். மத்திய ஆஸ்திரேலியாவில் பழங்குடியினரைக் கொன்றதாக 1891-ல் கைதான வில்லியம் வில்ஷையர் என்ற போலீஸ்காரர், வழக்கிலிருந்து விடுதலையானார். பிறகு அவரைப் பணியமர்த்தியது, இதே விக்டோரியா நதிப் பகுதியில்!

தப்பிப் பிழைத்தவர்கள் பண்ணைக்கு அருகே வந்து குடிசை போட்டார்கள். வேறு வழியில்லை. தங்கள் மண்ணைவிட்டுப் போகாமல் இருக்க அது ஒன்றுதான் வாய்ப்பு. கொஞ்ச காலத்தில் குதிரையேறி மாடு வளைப்பதில் அவர்களைவிட நல்ல ஆட்கள் கிடையாது என்ற நிலை வந்தது. அந்த நிலத்தின் ஒவ்வொரு ஓடையும் அவர்களுக்குப் பிறந்ததிலிருந்து தெரியுமே.

லண்டனில் முதலாளி

1914-ல் பண்ணை வெஸ்டி குடும்பத்தின் கைக்குப் போனது. லிவர்பூலில் இறைச்சி, மளிகை வியாபாரமாகத் தொடங்கிய குடும்பம். குளிர்பதனக் கிடங்கு என்ற புதுத் தொழில்நுட்பத்தைப் பிடித்துக்கொண்டு உலகம் முழுக்கப் பரவிவிட்டார்கள். மாடு மேயும் பண்ணை அவர்களுடையது, கறியை ஏற்றிப்போகும் 'புளூ ஸ்டார்' கப்பல் அவர்களுடையது, பிரிட்டனில் அதை வெட்டி விற்கும் கசாப்புக் கடையும் அவர்களுடையது. புல்லிலிருந்து தட்டு வரை ஒரே குடும்பம்.

வரி என்றால் மட்டும் ஒவ்வாமை. முதல் உலகப் போர் நேரத்தில் பிரிட்டன் வரியைக் கூட்டியதும், அண்ணன் தம்பி இருவரும் 1915-ல் அர்ஜென்டினாவுக்கு ஜாகையை மாற்றிக்கொண்டார்கள். அப்படியும் 1922-ல் மூத்தவருக்கு 'லார்ட்' பட்டம் கிடைத்தது தனிக் கதை.

டார்வினில் வெஸ்டி நிறுவனம் கட்டிய பெரிய இறைச்சித் தொழிற்சாலை 1917-ல் திறந்து 1920-ல் மூடப்பட்டது. ஆனால் பண்ணைகளை விடவில்லை. வேவ் ஹில்லில் 1924-ல் பெருவெள்ளம் வந்து பழைய பண்ணை வீடுகளை அடித்துக்கொண்டு போக, குடியிருப்பை ஜின்பாரக் என்ற இடத்துக்கு மாற்றினார்கள்.

ஜின்பாரக்கில் முதலாளி பக்கம் பங்களா, புல்தரை, தோட்டம். பெண்கள் வாளியில் தண்ணீர் சுமந்து அந்தத் தோட்டத்தை வளர்த்தார்கள். தொழிலாளர் பக்கம் தகரத் துண்டும் சாக்குமாக நிமிர்ந்து நிற்க முடியாத குடிசை. கூலி என்று கொடுத்தது பெரும்பாலும் மாவு, சர்க்கரை, டீத்தூள், எலும்போடு கொஞ்சம் கறி. இரண்டாம் உலகப் போரின்போது ஆள் பற்றாக்குறை வந்ததால், நிலைமையைப் பார்த்துச் சொல்லும்படி ரொனால்ட் பெர்ன்ட், கேத்தரின் பெர்ன்ட் என்ற மானுடவியல் தம்பதியை வெஸ்டி நிறுவனமே அனுப்பியது. அவர்கள் கண்டது பட்டினி, குழந்தைகள் சாவு, பெண்களிடம் வெள்ளைக்காரர்களின் அத்துமீறல். அந்த அறிக்கை புத்தகமாக வெளிவர 1987 வரை ஆனது.

1966, ஆகஸ்ட் 23

வின்சென்ட் லிங்கியாரி, பண்ணையில் மாடு வளைக்கும் ஆட்களுக்குத் தலைவர். 1966-ல் கோவேறு கழுதை உதைத்து அடிபட்டு டார்வின் மருத்துவமனையில் கிடந்தார். அங்கே தொழிற்சங்க ஊழியர் டெக்ஸ்டர் டேனியல்ஸ் வந்து பேசினார். அவரும் பழங்குடி இனத்தவர். அந்த வருடம் மார்ச்சில்தான் ஆஸ்திரேலியத் தொழில் தீர்ப்பாயம், பண்ணைகளில் பழங்குடித் தொழிலாளர்களுக்கும் வெள்ளையருக்கு இணையான சம்பளம் தர வேண்டும் என்று தீர்ப்பளித்திருந்தது. ஆனால் அமலுக்கு வருவது 1968 டிசம்பரில். முதலாளிகள் தயாராவதற்கு அவகாசமாம்.

லிங்கியாரி ஊருக்குத் திரும்பினார். 1966 ஆகஸ்ட் 23 அன்று சுமார் 200 பேர், மாடு வளைப்பவர்கள், சமையல்காரப் பெண்கள், குழந்தைகள், முதியவர்கள், சுருட்டிய படுக்கையும் பாத்திரமுமாக ஜின்பாரக்கை விட்டு நடந்தார்கள். விக்டோரியா நதிப் படுகைக்கு வந்து உட்கார்ந்தார்கள். கூலி கூட்டித் தருகிறோம் என்று நிர்வாகம் ஆசை காட்டியும் யாரும் எழுந்து வரவில்லை.

நாட்டுக்கே இது சம்பளப் போராட்டம் என்றுதான் தெரிந்தது. செய்தித்தாள்கள் அப்படித்தான் எழுதின, தொழிற்சங்கமும் அப்படித்தான் நினைத்தது. உதவிக்கு வந்த எழுத்தாளர் ஃபிராங்க் ஹார்டியிடம் பெரியவர்கள் மெல்ல மெல்ல விஷயத்தைச் சொன்னார்கள். சம்பளம் வேண்டும், சரி. ஆனால் அவர்கள் கேட்க வந்தது நிலம்.

மறுவருடம் மழைக்காலம் முடியும் நேரத்தில் எல்லாரும் வாட்டி க்ரீக் என்ற ஓடைக்கரைக்கு இடம்பெயர்ந்தார்கள். குரிஞ்சி மொழியில் அந்த இடம் டாகுராகு. அவர்களுடைய புனித இடங்களுக்கு அருகில் இருப்பது. வெஸ்டி நிறுவனத்தின் குத்தகை நிலத்துக்குள் இருந்ததால் சட்டப்படி இது அத்துமீறல். கையால் வேலி அமைத்தார்கள், தோட்டம் போட்டார்கள். பிறகு ஹார்டியிடம் ஒரு பெயர்ப் பலகை எழுதித் தரக் கேட்டார்கள். 'குரிஞ்சி சுரங்கக் குத்தகை மற்றும் மாட்டுப் பண்ணை' என்ற பொருளில் ஒரு பலகை ஓடைக்கரையில் நின்றது. வெள்ளைக்காரர்கள் எந்த இடத்தைத் தமதென்று சொல்ல நினைத்தாலும் முதலில் பலகை நடுவதை எண்பது வருடமாகப் பார்த்தவர்கள் அல்லவா?

1967 ஏப்ரலில், சுமார் 1,300 சதுர கிலோமீட்டர் நிலத்தைத் திருப்பித் தரக் கேட்டு கவர்னர் ஜெனரலுக்கு மனு அனுப்பினார்கள். கைரேகை வைத்துக் கொடுத்த மனு. மே மாதம் நாடு தழுவிய வாக்கெடுப்பு நடந்தது. பழங்குடியினரையும் மக்கள்தொகைக் கணக்கில் சேர்க்கலாம், அவர்களுக்காக மத்திய அரசு சட்டம் இயற்றலாம் என்று ஆஸ்திரேலியர்களில் 90 சதவிகிதத்துக்கு மேல் 'சரி' என்றார்கள். ஜூன் மாதம் மனுவுக்குப் பதில் வந்தது. முடியாது.

எட்டு வருடம் ஓடைக்கரையில்

இங்கேதான் இந்தக் கதை மற்ற வேலைநிறுத்தங்களிலிருந்து விலகுகிறது. அவர்கள் கலையவில்லை. டார்வின் துறைமுகத் தொழிலாளி பிரையன் மானிங் தன்னுடைய பெட்ஃபோர்டு லாரியில் மாவும் சாமானும் ஏற்றிக்கொண்டு, குண்டும் குழியுமான பாதையில் வந்து கொடுத்துவிட்டுப் போவார். அந்த லாரி இப்போது ஆஸ்திரேலிய தேசிய அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கிறது. 1968-ல் வந்த கண் மருத்துவர் ஃபிரெட் ஹாலோஸ், அங்கே டிரக்கோமா நோயால் பார்வை மங்கிக்கொண்டிருந்தவர்களைப் பார்த்து அதிர்ந்துபோனார். பிற்காலத்தில் உலகெங்கும் பார்வையிழப்பைத் தடுக்கும் அவரது பணிக்கு இந்த ஓடைக்கரை ஒரு தொடக்கம்.

அரசாங்கம் வேறு வழி பார்த்தது. கொஞ்ச தூரத்தில் வீடுகள் கட்டி, இங்கே வந்து குடியேறுங்கள் என்றது. அந்த இடம்தான் பின்னாளில் கல்கரிஞ்சி ஆனது. சிமென்ட் தரையும் குழாய்த் தண்ணீரும் இருந்தும் டாகுராகுக்காரர்கள் தகரக் கொட்டகையை விட்டு நகரவில்லை. இலவச வீட்டில் குடியேறினால் நிலக் கோரிக்கையைக் கைவிட்டதாக ஆகும் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

லிங்கியாரியும் மற்றவர்களும் மெல்போர்ன், சிட்னி என்று போய்ப் பேசினார்கள். மாணவர்களும் சங்கங்களும் பேரணி நடத்தின. 1972 டிசம்பரில் ஆட்சி மாறியது. லேபர் கட்சியின் கோஃப் விட்லம் பிரதமரானார். பேச்சுவார்த்தை முடிந்து, வெஸ்டி நிறுவனம் தன் குத்தகையில் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்தது.

1975 ஆகஸ்ட் 16. விட்லம் டாகுராகுக்கு வந்தார். 3,236 சதுர கிலோமீட்டருக்கான குத்தகைப் பத்திரத்தைக் கொடுத்துவிட்டு, குனிந்து ஒரு கைப்பிடி செம்மண்ணை அள்ளி லிங்கியாரியின் உள்ளங்கையில் விட்டார். 1835-ல் ஜான் பேட்மன் என்ற வெள்ளைக்காரர் இன்றைய மெல்போர்ன் பகுதி நிலத்தை 'வாங்கியபோது', பழங்குடிப் பெரியவர்கள் மண்ணை அள்ளி அவர் கையில் கொடுத்தார்களாம். அதைத் திருப்பிச் செய்யலாம் என்பது அரசு ஆலோசகர் கூம்ஸ் சொன்ன யோசனை.

அந்தப் படம் ஆஸ்திரேலியப் பள்ளிக்கூடப் பாடங்கள் வரை போயிருக்கிறது. எடுத்தவர் மெர்வின் பிஷப், பழங்குடி இனத்திலிருந்து வந்த முன்னோடி பத்திரிகைப் புகைப்படக்காரர். ஒரு ரகசியம்: நிஜமாக மண் கொடுத்தது பந்தல் நிழலில். வெளிச்சம் போதவில்லை என்று பிஷப் இருவரையும் வெயிலுக்கு அழைத்துவந்து, இன்னொரு முறை செய்யச் சொன்னார். நீல வானப் பின்னணியோடு நாம் பார்ப்பது அந்த இரண்டாவது முறைதான்!

படத்துக்குப் பிறகு

பெரும்பாலான பயணக் குறிப்புகள் இந்தப் படத்தோடு முடிந்துவிடும். ஊர்க்காரர்களுக்கு அது பாதிக் கதை.

முதலாவது, அன்று கொடுத்தது சொந்தப் பட்டா இல்லை, குத்தகை. அதாவது வெஸ்டி வைத்திருந்த அதே வகைக் காகிதம். இரண்டாவது, மூன்று மாதம்கூட ஆகாத நிலையில், நவம்பர் 11 அன்று விட்லம் ஆட்சியே கலைக்கப்பட்டது. அடுத்து வந்த ஃபிரேசர் அரசு, முந்தைய அரசு தயாரித்த நில உரிமைச் சட்டத்தைச் சில மாற்றங்களோடு 1976-ல் நிறைவேற்றியது. அந்தச் சட்டத்தின்படி வழக்காடி, டாகுராகு நிலம் யாருக்கும் விற்க முடியாத முழு உரிமையாக குரிஞ்சி மக்கள் கைக்கு வந்தது 1986-ல். வெளிநடப்பு செய்து இருபது வருடம். லிங்கியாரி அதைப் பார்த்துவிட்டு, 1988 ஜனவரியில் காலமானார்.

நிலம் வந்தது, மாடு நிற்கவில்லை. குரிஞ்சி மக்கள் தொடங்கிய முராமுல்லா கால்நடை நிறுவனம் 1980-களில் நொடித்துப்போனது. அந்தச் சமயத்தில் நாடு முழுக்க மாடுகளின் காசநோயையும் புரூசெல்லா நோயையும் ஒழிக்கும் திட்டம் நடந்தது. வேலியும் பட்டியும் போதாத பண்ணைகளில் பரிசோதிக்க முடியாத மாடுகளைச் சுட்டுத் தள்ளினார்கள். வசதியுள்ள பண்ணை மறுபடி மாடு வாங்கிக்கொண்டது. புதிதாகத் தொழில் தொடங்கியவர்களுக்கு அது மரண அடி. மாடு வளைப்பதில் நான்கு தலைமுறை அனுபவம் இருந்தவர்களுக்கு, முதலும் கணக்கு வழக்கும் சொல்லித்தர யாரும் அக்கறையாக வரவில்லை என்ற ஆதங்கத்தில் நியாயம் இருக்கிறது.

வேவ் ஹில்லின் மீதிப் பெரும்பகுதி? அது தொடர்ந்து மேய்ச்சல் குத்தகைதான். வெஸ்டி குடும்பம் வெளியேறி, ஒரு நிறுவனத்திலிருந்து இன்னொன்றுக்குக் கைமாறியிருக்கிறது. 2020 செப்டம்பரில், அந்தப் பண்ணையில் சுமார் 5,000 சதுர கிலோமீட்டர் பரப்பின் மீது பூர்விக உரிமை குரிஞ்சி உள்ளிட்ட மக்களுக்கு உண்டு என்று ஃபெடரல் நீதிமன்றம் அங்கீகரித்தது. வேட்டையாடலாம், சடங்கு செய்யலாம், சுரங்கம் தோண்ட யாராவது வந்தால் பேச்சுவார்த்தையில் உட்காரலாம். ஆனால் மேய்ப்பது குத்தகைக்காரர்தான். ஒரே புல்வெளி மீது இரண்டு உரிமை.

போக நினைப்பவர்களுக்கு: மே முதல் ஆகஸ்ட் வரை வறண்ட காலம், சாலை திறந்திருக்கும். கல்கரிஞ்சிக்கு நேராகப் போகலாம். எட்டு கிலோமீட்டர் தள்ளி இருக்கும் டாகுராகு அவர்களுடைய சொந்த நிலம், உள்ளே போக முன் அனுமதி வாங்க வேண்டும். 1966-ல் நடந்த பாதை 2007-லிருந்து தேசியப் பாரம்பரியச் சின்னம். ஜின்பாரக்கில் துருப்பிடித்த தகரமும் அஸ்திவாரங்களும் மிச்சம் இருக்கின்றன.

மழைக்காலத்தில் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்க முடியாது. 2023 மார்ச்சில் விக்டோரியா நதி பெருகி கல்கரிஞ்சியையும் டாகுராகுவையும் மூழ்கடித்தது. ஊரையே காலிசெய்து, எழுநூறு பேர் வரை டார்வினுக்கு விமானத்தில் கொண்டுபோனார்கள். வாரக்கணக்கில் முகாம் வாழ்க்கை. பலருக்கு வீடு மிஞ்சவில்லை. ஆனாலும் தண்ணீர் வடிந்ததும் எல்லாரும் கேட்டது எப்போது திரும்பிப் போகலாம் என்றுதான். திரும்பவும் வந்தார்கள். ஆகஸ்டில் வழக்கம்போல 'ஃப்ரீடம் டே' கொண்டாடும் ஊர் அது. அன்றைக்குச் சின்னப் பிள்ளைகள் முன்னால் போக, பெரியவர்கள் பின்னால் வர, வெளிநடப்பு செய்த நாளை நினைத்து ஊரே நடக்கும்.